பெரியவளாக நடிப்பவள்

ஜனவரி 9

அக்கா,

நீ ஃபோனை எடுக்க மாட்டாய் என்று தெரிந்தும் நேற்றுவரை அடித்துக்கொண்டுதான் இருந்தேன். எனக்குத்தான் சூடு சொரணை கிடையாதே. மெசேஜ் போட்டாலும் பார்த்துவிட்டு கம்மென்று இருக்கிறாய். அதனால் பழையபடி காகிதமும் பேனாவும். கோழி கிளறிய மாதிரி இருக்கிறது என்று திட்டாதே. பேனா பிடித்து ரொம்ப நாளாகிவிட்டது.

விஷயத்துக்கு வருகிறேன். எனக்கு டிவியில் தொடர் கிடைத்துவிட்டது! கூட்டத்தில் நிற்பவள் இல்லை. கதாநாயகிக்குக் குடை பிடிக்கும் தோழி இல்லை. பஸ்ஸில் ஏற முடியாமல் மாட்டிக்கொள்ளும் குண்டுப் பெண் இல்லை (அதை மூன்று படத்தில் செய்தாகிவிட்டது, பஸ்தான் மாறியது). வாரம் ஒரு நாள், அரைமணி நேரம், முழுக்க நான். கதாபாத்திரத்தின் பெயர் வாயாடி. நடிப்பவர் பெயரும் வாயாடி. மேடைக்கு வைத்துக்கொண்ட இந்தப் பெயர் அப்பா வீட்டில் கூப்பிடுவதுதான் என்று சொன்னதும் டைரக்டர் மேஜையைத் தட்டினார். "அவ்வளவுதாம்மா! நீ நடிக்கவே வேணாம். நீ நீயா வந்து நில்லு, மிச்சத்தை கேமரா பாத்துக்கும்" என்றார்.

உன் கோபம் எனக்குப் புரியாமல் இல்லை. நீ ஃபோனில் ஹலோகூடச் சொல்லாமல் "சாப்பிட்டியா, பொய் சொல்லாதே" என்று ஆரம்பிப்பதை ஜோக் சொல்லும் மேடையில் செய்து காட்டினேன். அந்த வீடியோவை எவனோ வேலையற்றவன் உனக்கே அனுப்பித் தொலைத்தான். ஆனால் ஒன்று சொல்கிறேன், ஜனங்கள் உன்னைப் பார்த்துச் சிரிக்கவில்லை. அவர்களுக்கு உன்னைப் பிடித்துப்போய்விட்டது. என்னைவிட.

அப்பா எப்படி இருக்கிறார்? என்னை விசாரிக்கிறாரா?

உன் தங்கை


ஜனவரி 21

வாயாடிக்கு,

தொடர் கிடைத்ததில் சந்தோஷம். நிஜமாகவே சந்தோஷம். அப்பாவிடம் சொன்னேன், கை தட்டினார். பிறகு எதற்குக் கை தட்டினோம் என்று என்னையே கேட்டார்.

இனி நமக்குள் கடிதம்தான். ஃபோனில் பேசினால் என் குரலை எடுத்துக்கொண்டு போய்விடுகிறாய். உன் குரலை நீ விற்கலாம், அது உன் பிழைப்பு. என் குரலை விற்க நீ யார்? கண்ணாடிக் கடையில் ஒரு பெரியவருக்கு ஃபிரேம் மாட்டி, காதோரம் வலிக்கிறதா என்று கேட்கிறேன். "சாப்பிட்டியா, பொய் சொல்லாதே" என்கிறார். கடையே சிரிக்கிறது. முதலாளியும் சிரிக்கிறார். நானும் பல்லைக் காட்டினேன். வேறு என்ன செய்வது? இப்போதெல்லாம் கடையில் வாயைத் திறக்கவே யோசனையாக இருக்கிறது.

அப்பாவைக் கேட்டாய். டாக்டர் சொல்வதையேதான் சொல்கிறார். மறதி கூடும், குறையாது. போன வாரம் பல் தேய்க்கும் பேஸ்ட்டை முகத்தில் பூசிக்கொண்டு, பளபளவென்று வந்து நின்றார். துணி அலமாரியைத் திறந்து உள்ளே நின்றுகொண்டு "மூணாவது மாடி, இறங்குறவங்க இறங்குங்க" என்கிறார். ஆயுசு முழுக்க லிஃப்ட் ரிப்பேர் பார்த்தவர், வேறு என்ன சொல்வார். நானும் இறங்கிக்கொள்கிறேன்.

ஆனால் காலையில் எழுந்ததும் என்னைத் தெரிகிறது. "பெரியவளே" என்று கூப்பிடுகிறார். அந்த ஒரு வார்த்தையை வைத்துக்கொண்டு அன்றைய பொழுதை ஓட்டிவிடுகிறேன்.

உன்னிடம் கேட்பது ஒன்றே ஒன்று. அந்தத் தொடரில் உனக்கு அக்கா இருக்கக் கூடாது. ஒற்றைப் பிள்ளையாகப் பிறந்துகொள்.

அக்கா


பிப்ரவரி 16

அக்கா,

உடனே எழுதாததற்கு மன்னிப்பு. காலையில் இருட்டோடு வந்து அள்ளிக்கொண்டு போகிறார்கள், திரும்பக் கொண்டுவந்து கொட்டும்போது எனக்கு என் வீட்டுச் சாவி எதுவென்று தெரிவதில்லை.

வீடு செட் போட்டிருக்கிறார்கள். நம் வீடாம். அதன் சமையலறைக்குள் நம் நிஜ வீட்டை வைத்துவிட்டு, சுற்றி வந்து தரையும் துடைக்கலாம். ஜன்னலுக்கு வெளியே வானம், துணியில் வரைந்தது.

நடிக்கவே வேண்டாம் என்றாரே, அந்த மகராசன் முதல் நாளே பதினேழு தடவை எடுக்கவைத்தார். நான் வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வர வேண்டும், அவ்வளவுதான். "வாயாடி இப்படி நடக்க மாட்டாம்மா." சரி, வேறு மாதிரி நடந்தேன். "சிரிப்பு சரியில்ல. வாயாடி இன்னும் சத்தமா சிரிப்பா." நான் எப்போதும் சிரிக்கிற மாதிரிதானே சிரிக்கிறேன் என்றேன். "அது நீ. நான் வாயாடியைச் சொல்றேன்" என்றார். யார் சார் அவள், எனக்கும் அறிமுகப்படுத்தி வையுங்கள் என்றேன். செட்டே சிரித்தது. அதையும் எழுதி வைத்துக்கொண்டார்கள்.

நீ கேட்டதற்கு வருகிறேன். சுற்றி வளைத்துச் சொல்ல எனக்குத் தெரியாது. அக்கா இருக்கிறாள். நான் அடிக்கிற பந்தைத் திருப்பி அடிக்க எதிரே ஒரு ஆள் வேண்டாமா? தனியாக நின்று பேசினால் அது மேடை, வீடு ஆகாது என்கிறார்கள். ஆனால் அவள் நீ இல்லை. உன்னைவிட உயரம். பழைய நாடக நடிகை, தங்கமானவர், மோர் மிளகாய் அளவுகூடக் காரம் இல்லாதவர். பெயர்கூட வைக்கவில்லை, சும்மா 'பெரியவள்' என்றுதான். கண்ணாடிக் கடையில் வேலை.

நீ கோபப்படுவாய் என்று தெரியும். முதலில் பார். பார்த்துவிட்டுத் திட்டு.

தங்கை


மார்ச் 13

வாயாடிக்கு,

பார்த்தேன். நான் மட்டும் பார்க்கவில்லை, அப்பாவும் பார்த்தார்.

முதல் வாரம் உன்னைப் பார்த்ததும் எழுந்து போய் டிவியைத் தடவினார். "நம்ம வாயாடி! நம்ம வாயாடி!" என்று பக்கத்து வீட்டு டீச்சரைக் கூப்பிட்டுக் காட்டினார். அந்த அரைமணி நேரம் அவர் முகத்தைப் பார்த்தபோது உன்மேல் இருந்த கோபமெல்லாம் போய்விட்டது. அதையும் எழுதாமல் விட்டால் பாவம்.

மூன்றாவது வாரம் அவருக்கு நகம் வெட்டிக்கொண்டே பார்த்துக்கொண்டிருந்தேன். உன் அக்காவாக நடிக்கும் அந்தப் பெண் திரையில் வந்தாள். அப்பா சொன்னார், "பெரியவ இன்னைக்கு எவ்வளவு அழகா இருக்கா!"

"அப்பா, நான் இங்க இருக்கேன்" என்றேன்.

என்னைப் பார்த்தார். டிவியைப் பார்த்தார். "அப்ப அது?"

"அது நடிக்கிறவங்கப்பா."

"வாயாடியும் நடிக்கிறாளா?"

"இல்லப்பா. அவ அவளாவே வர்றா."

"அப்ப இவளும் அவளாத்தான் வருவா" என்றார்.

மெக்கானிக் மூளை. ஒரு சக்கரம் நிஜமாகச் சுற்றினால் பக்கத்துச் சக்கரமும் நிஜமாகத்தான் சுற்ற வேண்டும். நகம் வெட்டுகிற என்னைப் பார்த்து "மெதுவாம்மா" என்றார். 'பெரியவளே' இல்லை. 'அம்மா'. கடைக்காரியிடம் சொல்வோமே, அந்த 'அம்மா'.

அப்புறம் இன்னொன்று. நேற்று அந்தப் பெண் உன்னிடம் "ஒற்றைப் பிள்ளையாப் பொறந்துக்கோ" என்று சொன்னாள். அப்பா சிரித்தார், பார்க்க வந்த டீச்சரும் சிரித்தார். நான் உனக்கு எழுதிய வரி அது. குரல் தர மாட்டேன் என்று கடிதம் எழுதினால், கடிதத்தையும் தூக்கிக் கொடுத்துவிட்டாய்.

எனக்கு உன் புகழில் பங்கு வேண்டாம். கடையில் சிரித்தால் சிரித்துவிட்டுப் போகட்டும். ஆனால் அப்பாவுக்கு நான் பெரியவள் இல்லை என்றால் இந்த வீட்டில் நான் யார்? அதை மட்டும் யோசி. அவளை எடுத்துவிடு.

அக்கா


ஏப்ரல் 3

அக்கா,

எடுத்துவிடு, எடுத்துவிடு என்றால் என்ன அர்த்தம்? அது என்ன, பல்லில் மாட்டிய நாரா? என் தொடர் என்று பெயர்தான். கேன்டீனில் என் டீக்கு எத்தனை சர்க்கரை என்பதைத் தவிர வேறெதையும் நான் முடிவு செய்வதில்லை.

உனக்குத் தெரியாத சங்கதி ஒன்று இருக்கிறது, சொல்கிறேன். வருகிற கடிதம், வருகிற மெசேஜ் எல்லாம் அவளுக்குத்தான். 'பெரியவள்தான் இந்தத் தொடரின் உயிர்.' 'அக்கா இருந்தால் இப்படி இருக்க வேண்டும்.' எனக்கு என்ன வருகிறது தெரியுமா? 'வாயாடியாக வருபவர் ரொம்ப மிகைப்படுத்துகிறார், நிஜத்தில் இப்படி ஒரு பெண் இருக்க மாட்டாள்.' நான் நானாக வந்ததற்கு இந்த விமர்சனம்! முப்பது வருடமாக ஓடும் வேஷம், ஒருத்தருக்கும் நம்பிக்கை வரவில்லை. வீட்டுக்கு வந்து கண்ணாடி முன்னால் நின்று வாசலில் செருப்பைக் கழற்றிப் பார்க்கிறேன். நான் எப்படி நடப்பேன் என்று எனக்கே மறந்துவிட்டது அக்கா.

இதில் நீ வேறு. எனக்குச் சோறு போடுவது இது ஒன்றுதான். நீ ஒருநாளும் என் ஜோக்குக்குச் சிரித்ததில்லை, இப்போது மட்டும் என்ன வந்தது? அப்பாவுக்குக் குழப்பமாக இருந்தால் டிவியை நிறுத்தி வை. பிளக்கைப் பிடுங்க என்னைக் கேட்க வேண்டுமா?

தங்கை


ஏப்ரல் 18

வாயாடிக்கு,

பிடுங்கினேன். அணைந்த டிவி முன்னால் நின்று "புள்ளைங்க எங்க? ரெண்டு புள்ளைங்களும் எங்க?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார். ரெண்டில் ஒன்று அவருக்குப் பின்னால்தான் நின்றுகொண்டிருந்தது. சாப்பாட்டைத் தட்டிவிட்டார். மறுபடி மாட்டிவிட்டேன்.

உன் ஜோக்குக்கு நான் சிரித்ததில்லை என்று எழுதியிருக்கிறாய். அம்மா இறந்த வருடம், நீ துணிக்கொடியில் தொங்கின அப்பா சட்டையோடு பேசி அவரைச் சிரிக்கவைத்தாயே, அன்று அடுப்படியில் வாயைப் பொத்திக்கொண்டு நான் சிரித்தது உனக்குத் தெரியாது. நானும் வெளியே வந்து சிரித்தால் நீ விடிய விடிய நிறுத்த மாட்டாய்.

இப்போது காலையிலும் என்னைத் தெரிவது குறைந்துவிட்டது. வாரத்தில் ஒரு நாள், சில வாரம் அதுவும் இல்லை. சண்டை போட எனக்குத் தெம்பில்லை. அவளை எங்கேயாவது அனுப்பிவிடேன். வெளிநாட்டில் வேலை கிடைக்கட்டும், கல்யாணம் ஆகிப் போகட்டும், எதுவோ. அவள் அங்கிருந்து போனால் அவர் என்னிடம் திரும்பி வருவார் என்று ஒரு நப்பாசை. உன்னிடம் கெஞ்சுகிறேன் என்றே வைத்துக்கொள்.

அக்கா


மே 22

அக்கா! அக்கா!

சாதித்துவிட்டேன். அனுப்பிவிட்டேன் அவளை!

சொன்னால் நம்ப மாட்டாய், எவ்வளவு பாடு. வெளிநாடு என்று நீ எழுதினாயே, அதைத்தான் முதலில் சொன்னேன். "வெளிநாடு போனா ஃபோன் பண்ணுவா, லீவுக்கு வருவா, ஜனங்க காத்துக்கிட்டே இருப்பாங்க. போறதுன்னா ஒரேயடியா போகணும்" என்றார் டைரக்டர். சேனல்காரர்களும் சரி என்றுவிட்டார்கள், தொடருக்கு ஒரு கனமான திருப்பம் வேண்டுமாம். எனவே சாலையில் ஒரு லாரி. பெரியவள் கடையிலிருந்து வீட்டுக்கு நடந்து வருகிறாள். முடிந்தது.

அந்தக் காட்சியை நானே எழுதினேன். வேறு யாரையும் தொடவிடவில்லை. ஒரு வாரம் மூக்கைச் சிந்திக்கொண்டே எழுதினேன். ஆஸ்பத்திரிக் கட்டிலில் அவள் கையைப் பிடித்துக்கொண்டு நான் பேசுகிறேன். ஒரு ஜோக்கூட இல்லை. எடுத்து முடித்ததும் லைட் பிடிக்கிறவர் முகத்தைத் திருப்பிக்கொண்டு கண்ணைத் துடைத்தார். டைரக்டர் முதல் முறையாக "இப்பதான் நீ நீயா இருந்தே" என்றார். அக்கா, இத்தனை நாளில் நான் உருப்படியாகச் செய்தது இது ஒன்றுதான், அதுவும் உனக்காகச் செய்தது.

இந்தச் சனிக்கிழமை வருகிறது. அதற்குப் பிறகு திரையில் பெரியவள் கிடையாது. இனி நீ மட்டும்தான்.

பார்த்துவிட்டு ஒரு வரி எழுது. ஃபோனே செய்தாலும் சந்தோஷம், சத்தியமாக நடித்துக் காட்ட மாட்டேன்.

உன் தங்கை


ஜூன் 1

வாயாடிக்கு,

உன் கடிதம் திங்கட்கிழமை வந்தது. நான் சனிக்கிழமையே செத்துவிட்டேன்.

அடுப்படியில் பால் காய்ச்சிக்கொண்டிருந்தேன். "பெரியவளே!" என்று அப்பா போட்ட சத்தத்தில் பால் கொட்டிவிட்டது. எத்தனை நாளாயிற்று அந்த வார்த்தையைக் கேட்டு. என்ன ஏது என்று தெரியாமல் "இதோ வந்துட்டேம்ப்பா" என்று சந்தோஷமாக ஓடினேன். கீழே உட்கார்ந்து டிவியைப் பிடித்துக்கொண்டிருந்தார். குனிந்து தூக்கப்போன என்னைத் தள்ளிவிட்டார். "தள்ளும்மா. என் பொண்ணு செத்துட்டா. நான் போகணும், வழியை விடு" என்றார்.

நான்தான் பெரியவள் என்று சொன்னேன். அழுதுகொண்டே சொன்னேன். ஃபோட்டோவைக் காட்டினேன். நீயும் நானும் அவரும் லிஃப்ட் கம்பெனி வாசலில் நிற்கிற ஃபோட்டோ. அதைப் பார்த்து இன்னும் அழுதார். "செத்தவளை வெச்சு விளையாடுறீங்களே, நீங்கல்லாம் நல்லா இருப்பீங்களா?" என்று கேட்டார். டீச்சர் வந்து சொல்லிப் பார்த்தார். அப்பா அவர் கையைப் பிடித்துக்கொண்டு, துக்கத்துக்கு வந்ததற்கு நன்றி சொன்னார்.

பேஸ்ட் எதற்கு என்று மறந்துவிடுகிறது. பாத்ரூம் எங்கே என்று மறந்துவிடுகிறது. சாப்பிட்டது மறந்துவிடுகிறது. இது மட்டும் மறக்கவில்லை. காலையில் கண்ணைத் திறந்ததும் முதல் ஞாபகம் இதுதான். நான் டீயோடு போய் நிற்கிறேன், என்னிடமே சொல்லி அழுகிறார்.

எனக்காகச் செய்தேன் என்று எழுதியிருக்கிறாய். தெரியும். அதனால்தான் உன்னைத் திட்டக்கூட முடியவில்லை. நீ வா. உன்னை அவருக்குத் தெரிகிறது. நீ சொன்னால் நம்புவார்.

அக்கா


ஜூன் 5

அக்கா,

படித்தேன். சனிக்கிழமை அங்கே இருப்பேன். டப்பிங் இருக்கிறது, கிடக்கட்டும். அவர் முன்னால் உன்னை நிறுத்தி, இவள்தான் அக்கா என்று சொல்லிவிடுகிறேன். ஒரு நிமிட வேலை. நீ அழாதே.

தங்கை


ஜூன் 16

வாயாடிக்கு,

பஸ் ஏறும்போது நீ என் முகத்தைப் பார்க்கவில்லை. நானும் உன்னைப் பார்க்கவில்லை. அதனால் எழுதுகிறேன். உன்மேல் தப்பில்லை.

நீ சொல்ல வேண்டியதைச் சொன்னாய். என் தோளில் கை போட்டு, "அப்பா, இதோ பாருங்க, அக்கா. சாகல. உயிரோட இருக்கா" என்று சொன்னாய். உன்னைப் பார்த்த சந்தோஷத்தில் இருந்தவர், அதைக் கேட்டதும் வாய்விட்டுச் சிரித்தாரே, அந்தச் சிரிப்பு இன்னும் என் காதில் இருக்கிறது. வாயாடி ஒன்று சொன்னால் அது சிரிக்கத்தான் என்று அவருக்குப் பழக்கம். நீ நடைவண்டி ஓட்டின நாளிலிருந்து பழக்கம். நீ அழுதுகொண்டே திரும்பத் திரும்பச் சொன்னாய். அவருக்குச் சிரிப்பு நின்று முகம் சுருங்கிவிட்டது. "அக்கா சாவுல கூடவா விளையாடுவே?" என்று கேட்டார். அதற்கு மேல் நீ என்ன செய்வாய்?

"கடைசில ஏதாவது சொன்னாளா?" என்று அவர் கேட்டதும் நீ என்னைப் பார்த்தாய். நான் கையில் வெந்நீர்ப் பாத்திரத்தோடு நின்றுகொண்டிருந்தேன். நான்தான் தலையசைத்தேன், சொல்லு என்று. நீ உட்கார்ந்து, அவர் கையைப் பிடித்துக்கொண்டு, நான் வலியில்லாமல் போனதைச் சொன்னாய். அப்பாவைப் பார்த்துக்கொள் என்று உன்னிடம் சொன்னதாகச் சொன்னாய். அவ்வளவு நன்றாகச் சொன்னாய். நானே நம்பிவிட்டேன்.

அன்று அவர் அழாமல் தூங்கினார். அதற்காக உனக்கு நன்றி சொல்ல வேண்டும். சொல்ல வரவில்லை.

அக்கா


ஜூலை 24

அக்கா,

எழுதக் கூடாது என்றுதான் இருந்தேன். எழுதுவதற்கு என்ன இருக்கிறது.

போன வாரம் பழைய மேடைக்கே போனேன். சின்ன அறை, பிளாஸ்டிக் நாற்காலி, அதே ஓட்டை மைக். சிரிக்க வைத்து நாளாகிவிட்டது, நாக்கு நமநமத்தது. ஏறி நின்று "எங்க அக்கா இருக்காளே" என்று ஆரம்பித்தேன். முன்வரிசையில் ஒருத்தர் "ஐயோ பாவம்" என்றார். அடுத்தவர் கைக்குட்டையை எடுத்தார். அக்கா நல்லா இருக்காங்க, கண்ணாடிக் கடையில வேலை பாக்குறாங்க என்றேன். அவ்வளவுதான், கூட்டமே விசும்ப ஆரம்பித்துவிட்டது. இறங்கி வந்தேன். ஒரு பெண் என்னைக் கட்டிக்கொண்டு தைரியமாக இரு என்றாள்.

இன்னொரு செய்தி. பெரியவள் போனதும் தொடரைப் பார்ப்பவர்கள் பாதியாகிவிட்டார்களாம். அதனால் இரண்டாம் பாகத்தில் அவளைத் திரும்பக் கொண்டுவருகிறார்கள். லாரியில் செத்தது வேறு ஒருத்தியாம், பெரியவள் ஞாபகம் தப்பி எங்கோ இருந்தாளாம். நான் எதிர்ப்பு சொல்லவில்லை. அப்பா பார்த்தால் அழுகையாவது நிற்கும் என்று நினைத்தேன். தொடரின் பெயரையும் மாற்றிவிட்டார்கள். 'பெரியவள்'. எனக்கு வாரத்துக்கு இரண்டு காட்சி. நானாகத்தான் வருகிறேன்.

அடுத்த வருடத் தொடக்கத்தில்தான் ஒளிபரப்பு. அதுவரை அவரைச் சமாளித்துக்கொள்வாயா?

இனிமேல் எதையும் சரிசெய்கிறேன் என்று கிளம்ப மாட்டேன். நீ சொல்வதை மட்டும் செய்கிறேன். என்ன வேண்டும், சொல்.

தங்கை


ஆகஸ்ட் 2

வாயாடிக்கு,

அடுத்த வருடம்வரை அப்பா இருக்க மாட்டார். டாக்டர் ஜாடையாகச் சொன்னார், நான் விடாமல் கேட்டதும் நேராகவே சொல்லிவிட்டார். நெஞ்சில் சளி கட்டியிருக்கிறது. சாப்பாடு இறங்கவில்லை.

என்னிடம் இப்போது நன்றாகப் பேசுகிறார். வேலைக்கு வந்த பெண் என்று நினைத்திருக்கிறார். "என் பெரியவ இருந்திருந்தா உன்னை இவ்வளவு கஷ்டப்பட விட்டிருக்க மாட்டாம்மா" என்கிறார். அவள் அவருக்காக வீட்டு ஓனரோடு சண்டை போட்டதைச் சொல்கிறார், மழையில் நனைந்துகொண்டே மருந்து வாங்கி வந்ததைச் சொல்கிறார். இரண்டும் உன் தொடரில் வந்தவை. நான் செய்தது ஒன்றுகூட அவருக்கு ஞாபகம் இல்லை. செத்துப்போன என்னைப் பார்த்து நானே வயிறெரிகிறேன். இதை நீ மேடையில் சொன்னால் சிரிப்பார்கள். சொல்லிக்கொள், போ.

என்ன வேண்டும் என்று கேட்டாய். பெரியவளாக நடிக்கும் அந்த அம்மாளை ஒரு நாள் இங்கே அனுப்பு. அவரைப் பார்க்காமல் அப்பா நிம்மதியாகப் போக மாட்டார்.

அவரிடம் சிலதைச் சொல்லிவிடு. லாரியில் போனது வேறு ஒருத்தி என்று அவரே சொல்லட்டும், நீ சொன்னால் அப்பா சிரிப்பார். அப்பாவுக்கு இடது காது கேட்காது, வலது பக்கம்தான் உட்கார வேண்டும். தண்ணீரைக் கரண்டியால் கொடுக்க வேண்டும், டம்ளரில் கொடுத்தால் புரையேறும். முதுகுக்கு ரெண்டு தலையணை, மேலே இருப்பது கொஞ்சம் சாய்வாக. கால் பெருவிரலைத் தொடக் கூடாது, புண் இருக்கிறது. கையைப் பிடித்தால் விட மாட்டார், அவராக விடும்வரை எடுக்க வேண்டாம் என்று சொல். தலையைத் தடவுவார். குனிந்து கொடுக்கச் சொல்.

பதினைந்தாம் தேதிக்குள் வந்தால் நல்லது. வீட்டுச் சாவியை டீச்சரிடம் கொடுத்துவைக்கிறேன். அவர் வந்து போகும்வரை நான் கடையில் இருக்கிறேன். நான் அங்கே நின்றால் அவருக்கு நடிக்கச் சங்கடமாக இருக்கும்.

கிளம்பும்போது மறுபடி எப்போது வருவாய் என்று அப்பா கேட்பார். ஞாயிற்றுக்கிழமை என்று சொன்னால் போதும். ஞாயிற்றுக்கிழமை நான் பார்த்துக்கொள்கிறேன்.

அக்கா